திரும்பி நின்ற பல்

"கீழே வை அதை..."

"வைக்க மாட்டேன், முதல்ல பதில் சொல்லு..."

"அது அரசாங்கச் சொத்து, உன் வீட்டு..."

"எங்க அப்பா சொத்து. உனக்கும் அவர் அப்பாதான், மறந்துபோச்சா?"

"மெதுவாப் பேசு. வெளியில ஆள் இருக்காங்க."

"இருக்கட்டுமே. ஆள் இல்லாத இடத்துல நடந்ததைப் பத்தித்தான் பேச வந்திருக்கேன்."

அருங்காட்சியக இயக்குநரின் அறை. மேசைக்கு அந்தப் பக்கம் இயக்குநராகிய அண்ணன், இந்தப் பக்கம் பள்ளிக்கூட வாத்தியாரம்மாவாகிய தங்கை. இருவருக்கும் நடுவில், கறுப்பு வெல்வெட் ஒட்டிய பலகை ஒன்று மேசை முழுவதையும் அடைத்துக்கொண்டு கிடந்தது. அதில் மேலே ஒரு வளைவு, கீழே ஒரு வளைவு. திறந்த வாய் ஒன்று மல்லாந்து படுத்த மாதிரி கல்லாகிப்போன பற்கள். மேல் வளைவின் கோடியில் ஒரு பல் இல்லை. அது தங்கையின் கைக்குள் இருந்தது.

கதவோரமாக இரண்டு பேர் நின்றிருந்தார்கள். நாற்காலிகள் இருந்தன, உட்காரத்தான் யாரும் சொல்லவில்லை. உயரமாக, கொஞ்சம் கூனலாக நின்றவரைத் தொழிலில் உள்ளவர்கள் மூக்கர் என்பார்கள். போலீஸில் இருந்து ஓய்வு பெற்றுத் தனியாகத் துப்பறிகிறவர். பெயர்தான் மூக்கர், தீராத ஜலதோஷத்தால் பக்கத்தில் தீப்பிடித்தாலும் அவருக்கு வாசனை தெரியாது. கூட நிற்பவள் அவருடைய மருமகள். மகன் ஒருநாள் வீட்டைவிட்டுப் போய்விட்டான், மருமகள் போகவில்லை. மாமனாருடைய உதவியாளராகிவிட்டாள்.

"மாமா, நடுவுல போய் விலக்கி விடவா?" என்று அவள் கிசுகிசுத்தாள்.

"வேண்டாம். சண்டையிலதான் உண்மை சிந்தும்."

"இதுவரைக்கும் எச்சில்தான் சிந்தியிருக்கு."

அண்ணன் திரும்பிப் பார்த்தான். "இவங்க யாரு?"

"நான் கூட்டிட்டு வந்தவங்க. துப்பறியறவங்க," என்றாள் தங்கை.

"துப்பறியறவங்களா? சரியாப் போச்சு. இனிமே ஜோசியரையும் கூட்டிட்டு வா."

"வரச் சொன்னோம் சார், இன்னிக்கு அவருக்கு நேரம் சரியில்லையாம்," என்றாள் மருமகள்.

மூக்கர் தொண்டையைச் செருமினார். அவள் வாயை மூடிக்கொண்டாள்.

வழக்கு இவ்வளவுதான். இவர்களுடைய அப்பா வாழ்நாள் முழுக்கச் சுறாப் பல் தேடியவர். ஊருக்கு வெளியே கைவிட்டுப்போன களிமண் பள்ளம் ஒன்றைத் தனக்கென்று வைத்திருந்தார். அங்கே மகளைத் தவிர யாரையும் கூட்டிப்போக மாட்டார். போன வருஷம் ஒரு சாயங்காலம் அப்பாவுக்கும் மகளுக்கும் பள்ளத்திலேயே வாய்ச்சண்டை. ராத்திரி நல்ல மழை. மறுநாள் அவள் வரமாட்டேன் என்று இருந்துவிட்டாள். அவர் போனார். பள்ளத்தின் விளிம்பிலிருந்து விழுந்து இடுப்பு முறிந்து கிடந்தார். நாயை நடத்திக் கூட்டிவந்த யாரோ இருட்டுகிற சமயத்தில் பார்த்தபோது உடம்பு சில்லிட்டிருந்தது. விழுந்தவுடன் உயிர் போகவில்லை, வெகுநேரம் கிடந்திருக்கிறார் என்றார் டாக்டர். கூட ஒரு ஆள் இருந்திருந்தால் பிழைத்திருப்பார் என்று அண்ணன் எல்லோரிடமும் சொன்னான். அந்த ஒரு ஆள் யார் என்று அவன் சொல்லவில்லை, சொல்ல வேண்டிய அவசியமும் இருக்கவில்லை. ஒரு வருஷமாகத் தங்கை அந்த வாக்கியத்தோடு எழுந்து அந்த வாக்கியத்தோடு படுத்துக்கொண்டிருந்தாள்.

போன வாரம் அப்பாவின் பழைய துணிகளை யாருக்காவது கொடுத்துவிடலாம் என்று எடுத்தாள். அவர் கடைசியாகப் போட்டிருந்த பேண்ட்டும் அதில் இருந்தது. போலீஸ் திருப்பிக் கொடுத்ததை அம்மா துவைத்து மடித்து வைத்திருந்தாள். இடுப்போரத்துச் சின்னப் பைக்குள் கட்டைவிரல் நீளத்துக்கு ஒரு பல். நுனி இரண்டாகப் பிளந்த பல்.

அதே மாதிரி நுனி பிளந்த பல் ஒன்று, அண்ணன் கண்காட்சிக்கு வைக்கப்போகும் இந்தப் பலகையிலும் இருந்தது.

"ரெண்டையும் பாரு." தங்கை இரண்டு உள்ளங்கைகளையும் விரித்தாள். "அதே பிளவு, அதே சாய்வு. இது அப்பா பையில இருந்தது. இது உன் பலகையில இருந்தது."

"உடைஞ்ச பல்லு. எதையாவது கடிச்சிருக்கும், உடைஞ்சிருக்கும். உலகம் பூரா உடைஞ்ச பல்லு கிடக்கு."

"நிறம்கூட ஒண்ணு."

"களிமண்ணுல கிடந்தா அந்த மண்ணோட நிறம் ஏறும். சுறா எதுவா இருந்தாலும் ஏறும். இதே மாதிரி மண்ணு நாலு திசையிலயும் இருக்கு. என்னுது மேற்கே, ரயில் பாதைக்கு வெட்டின மேட்டுல நானே பொறுக்கினது."

"அந்த மேட்டைப் போய்ப் பார்க்கலாமா?" என்றார் மூக்கர்.

"பார்க்கலாம். கான்கிரீட் போட்டு மூடிட்டாங்க."

"சௌகரியமான கான்கிரீட்," என்றாள் மருமகள்.

அண்ணன் அதைக் காதில் வாங்கவில்லை. தங்கையின் கையிலிருந்து பலகைப் பல்லைப் பிடுங்கிப் பலகையின் காலி இடத்தில் பொருத்தினான். விரல் நுனியால் தட்டிச் சரிசெய்தான். "அப்பா செத்த அன்னிக்கு நான் ஆபீஸ்ல இருந்தேன். கேட்டுக்கோங்க. போதுமா?"

மூக்கர் பலகையின் மேல் குனிந்தார். "அழகா அடுக்கியிருக்கு. நீங்களே அடுக்கினதா?"

"பின்னே? நானேதான்."

"சார், ஒரு படம் எடுத்துக்கட்டுமா?" என்றாள் மருமகள். "உங்களையும் சேர்த்து."

அண்ணனுக்குக் கோபம் இருந்தது. ஆனால் கை தானாகப் போய்ச் சட்டைக் காலரைச் சரிசெய்தது.

*

"உட்காருங்க. அந்தத் தட்டுமேல உட்காராதீங்க, அதுல திருக்கைமீன் வாலு இருக்கு."

கல்லூரியின் பின்கட்டில், தண்ணீர்த் தொட்டியும் தூரிகைகளுமாக இருந்த அறையில், பேராசிரியை கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு அவர்களைப் பார்த்தார். மாணவர்கள் அவரைச் சுறா மேடம் என்று கூப்பிடுவார்கள். அந்தப் பட்டத்துக்கு அவர் பல்லைப் பற்றிப் படித்தது பாதிக் காரணம், பேச்சு மீதிக் காரணம்.

தங்கையைப் பார்த்ததும் அவர் முகம் இறுகியது. "நீ அந்த ஆளோட பொண்ணுல்ல. உங்கப்பா நிறைஞ்ச சபையில என் கட்டுரையைக் குப்பைன்னு சொன்னவர். செத்தப்போ நான் துக்கம் கேட்கக்கூட வரலை."

"தெரியும் மேடம். அதனாலதான் உங்ககிட்ட வந்தோம்," என்றார் மூக்கர். "எங்களுக்காக நீங்க பொய் சொல்ல மாட்டீங்க."

மேடம் ஒரு கணம் அவரைப் பார்த்துவிட்டுக் கையை நீட்டினார். பல் கைமாறியது.

"பல்லை மட்டும் பார்த்து எந்தச் சுறான்னு சொல்லிட முடியுமா?" என்று கேட்டாள் மருமகள்.

"பல்லை விட்டா வேற என்ன இருக்கு? சுறாவுக்கு எலும்பு கிடையாது. உடம்பு பூரா காது மடல் மாதிரி குருத்தெலும்புதான். செத்தா அத்தனையும் கரைஞ்சு போயிடும். பல்லு மட்டும்தான் மிஞ்சும்."

"எங்க வீட்டுக்காரர் மாதிரி. முதுகெலும்பே கிடையாது. கடைசியா நான் பார்த்ததும் பல்லைத்தான், இளிச்சுக்கிட்டே போனார்."

மூக்கர் ஜன்னலைப் பார்த்தார். இளித்துக்கொண்டு போனவன் அவர் பெற்ற பிள்ளை.

"கையைக் கொண்டா," என்று மேடம் மருமகளின் விரலைப் பிடித்துப் பல்லின் விளிம்பில் வைத்தார். "நகத்தால தடவு. வழவழன்னு இருக்கா, சொரசொரன்னு இருக்கா?"

"சொரசொரப்பு. ரம்பம் மாதிரி."

"வழவழன்னா வேற ஜாதி, விட்டுடலாம். ரம்பம் சின்னதும் பெருசுமா கோணல்மாணலா இருந்தா வெள்ளைச் சுறா, இன்னிக்கும் கடல்ல திரியுது. இது எப்படி இருக்கு?"

"தையல் மிஷின்ல ஓட்டின மாதிரி. சீரா."

"அடுத்தது இங்கே பாரு. பல்லோட உள்பக்கம், நாக்கைப் பார்த்த பக்கம். கொஞ்சம் வயிறு தள்ளியிருக்கும். பல்லுக்கும் வேருக்கும் நடுவுல கறுப்பா ஒரு பட்டை ஆரம்பிக்குது பாரு. வெள்ளைச் சுறாவுக்கு இது இருக்காது. இது மெகலோடன். பஸ்ஸைவிட நீளமா வளர்ந்த சுறா. பல்லு இத்தனை சின்னதா இருக்குன்னா வாயோட கோடியில இருந்தது." அவர் பல்லை விளக்குக்கு நேரே பிடித்தார். "இந்தப் பிளவு..."

"உடைஞ்சதா?" தங்கை முதன்முறையாகப் பேசினாள்.

"யார் சொன்னா உடைஞ்சதுன்னு? உடைஞ்சிருந்தா அந்த இடத்துல பளபளப்பு போயிருக்கும். பிளவுக்குள்ளேயும் மினுமினுன்னு இருக்கு, பாரு. பிளந்தே முளைச்சிருக்கு. எப்பவோ ஏதோ முள்ளு ஈறுல ஏறியிருக்கும். பல்லு உருவாகிற இடத்துல காயம். சுறாவுக்கு ஆயுசு பூரா பல்லு விழும், பின்வரிசையில இருக்கிறது முன்னால வரும். காயம் பட்ட இடத்துல வர்ற ஒவ்வொரு பல்லும் இதே பிளவோடதான் வரும்."

மருமகள் தன் போனில் இருந்த படத்தைப் பெரிதாக்கிக் காட்டினாள். மேடம் கண்ணாடியை இறக்கினார். பிளந்த பல்லைப் பார்த்தார், கையில் இருந்ததைப் பார்த்தார்.

"முன்வரிசைப் பல்லும் அதுக்குப் பின்னால காத்திருந்த பல்லும். ஒரே சுறா, வாயில ஒரே இடம்."

தங்கை மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டாள்.

"ஒரு சந்தேகம் மேடம்," என்றாள் மருமகள். "ஆயுசு பூரா உதிர்க்கும்னீங்க. இங்கே ஒண்ணு, மேற்கே ஒண்ணுன்னு உதிர்த்திருக்கலாமே. அந்த டைரக்டர் அப்படித்தான் சொல்லப்போறார்."

"சொல்லட்டும். இந்தப் பல்லைத் திருப்பிப் பாரு."

"உள்ளே காலியா இருக்கு."

"வேரும் பாதிதான் வளர்ந்திருக்கு. விளிம்புல ஒரு தேய்மானம் இல்ல. இது ஒருநாள்கூட எதையும் கடிச்சதில்ல. ஈறுக்குள்ள மூடியிருந்த பல்லு. உயிரோட இருக்கிற சுறா இதை உதிர்க்காது. சுறா செத்து, ஈறு அழுகினாத்தான் வெளியில வரும். அந்தப் பலகையும் ஒரு முழு வாய், செத்த இடத்துல கிடந்தது. ஒரு சுறா எங்கே வேணும்னாலும் பல்லை உதிர்க்கலாம். ஆனா ஒரே இடத்துலதான் சாக முடியும்."

மூக்கர் தங்கையின் பக்கம் திரும்பினார். "அம்மா, முந்தின நாள் சாயங்காலம் நீங்க பள்ளத்துல இருந்தீங்க. அப்போ இந்தச் சுறா வெளியில தெரிஞ்சுதா?"

"இல்ல. பழைய மண்சுவர்தான் நின்னுட்டிருந்தது. ராத்திரி மழையில சரிஞ்சிருக்கு."

"அப்பா இறந்தப்புறம்?"

"அன்னிக்கே போலீஸ் வேலி போட்டாங்க. ஆபத்தான இடம்னு அந்த வாரமே லாரி லாரியா மண்ணைக் கொட்டி மூடிட்டாங்க."

"அப்போ இந்தச் சுறா வெளியுலகத்தைப் பார்த்தது அந்த ஒரே ஒரு பகல்தான். பலகையில இருக்கிற பல்லை எடுத்தவர் அந்தப் பகல்ல அங்கே இருந்திருக்கணும்."

அறையில் குழாய் சொட்டிக்கொண்டிருந்தது. தங்கை மெல்லச் சொன்னாள்: "அப்போ அப்பா தனியா இல்ல."

"தனியா இல்ல. எந்த நேரத்துல யார் இருந்தாங்க, விழறதுக்கு முன்னாடியா பின்னாடியாங்கிறதை இந்தப் பல்லு சொல்லாது," என்றார் மூக்கர்.

அவள் முகத்தில் ஒரு வருஷத்துப் பாரம் இறங்கும் என்று மருமகள் எதிர்பார்த்தாள். இறங்கவில்லை. பாரம் தோள் மாறியது, அவ்வளவுதான்.

மேடம் இன்னும் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். "இந்தப் பலகையை எந்த மடையன் அடுக்கினான்?"

"ஏன் மேடம்?"

"எல்லாப் பல்லும் வயிறு தெரிய இருக்கு. சுறாவோட வாயை நாம எதிர்ல நின்னுதானே பார்ப்போம்? தட்டைப் பக்கம்தான் வெளியில தெரியணும். எந்த மியூசியத்துலயும் அப்படித்தான் வைப்பாங்க. இதுல கோடியில இருக்கிற இந்தப் பிளந்த பல்லு ஒண்ணுதான் சரியா இருக்கு. பாக்கி எல்லாம் தப்பு."

மூக்கர் போனை வாங்கிப் பார்த்தார். பிறகு கைக்குட்டையை எடுத்து மூக்கைத் துடைத்தார். மருமகளுக்குத் தெரியும், ஜலதோஷத்துக்குத் துடைப்பது வேறு, இது வேறு.

*

காரில் ஏறியதும் தங்கை கேட்டாள். "அண்ணன்கிட்டத்தானே திரும்பிப் போறோம்?"

"இல்லம்மா. உங்க அம்மாவைப் பார்க்கணும்."

"அம்மாவை எதுக்கு? இதெல்லாம் தெரிஞ்சா அவங்களால தாங்க முடியாது. அப்பா போனதுல இருந்து படியிறங்கினதே இல்ல. நான் ஸ்கூலுக்குப் போனா ஜன்னலோரம் உட்கார்ந்தே இருப்பாங்க."

"ஒரு கேள்விதான்."

மருமகள் வண்டியைக் கிளப்பினாள். கொஞ்ச தூரம் போனதும் கண்ணாடியில் மாமனாரைப் பார்த்தாள். "நான் சொல்லட்டுமா? அந்த ஆள் அத்தனை பல்லையும் வயிறு தெரிய அடுக்கினவர்னா, பிடுங்கின பல்லையும் அப்படியே வெச்சிருப்பார். தட்டையா வெச்சார். அவர் அடுக்கலை."

"ம்."

"அப்போ யார் அடுக்கினாங்க?"

"ரோட்டைப் பார்த்து ஓட்டு."

"உங்க வீட்ல சம்பளம் மட்டும்தான் கிடைக்காதுன்னு நினைச்சேன். பதிலும் கிடைக்காது."

வீடு மாடியில் இருந்தது. குறுகலான படி, துடைத்து வைத்த கதவு. ஜன்னலோரம் பெரிய மேசை, வளைகிற கழுத்துள்ள விளக்கு, பிடியில் துணி சுற்றிய பூதக்கண்ணாடி. அம்மா எழுந்திருக்கவில்லை. முழங்காலில் கம்பளி சுற்றியிருந்தது. கண்கள் மட்டும் வந்தவர்களை ஒவ்வொருவராக எடை போட்டன.

"யாரும்மா இவங்க?"

"எனக்குத் தெரிஞ்சவங்கம்மா."

"உங்க பையனோட பலகையைப் பார்த்துட்டு வர்றோம்மா," என்றார் மூக்கர், மேசைக்கு எதிரே உட்கார்ந்துகொண்டு. "பெரிய கண்டுபிடிப்பு."

"எல்லாரும் சொல்றாங்க. நான்தான் இன்னும் பார்க்கலை. திறக்கிற அன்னிக்குத் தூக்கிட்டாவது போறேன்னு சொல்லியிருக்கான்."

"படம் இருக்கு. பார்க்கறீங்களா?"

மருமகள் போனை நீட்டினாள். அம்மா அதை வாங்கி விளக்குக்கடியில் வைத்தாள், பூதக்கண்ணாடியையும் எடுத்தாள். மேல் வளைவை இடமிருந்து வலமாக ஒரு தரம் பார்த்தாள், கீழ் வளைவை ஒரு தரம். முகத்தில் என்னவோ இளகியது. மறுபடி மேலே போனாள். கோடியில் நின்றாள்.

"இதை யாரு திருப்பி வெச்சது?"

அவள் விரல் படத்தின் கோடியைத் தட்டியது.

"பாரு, இந்தக் கோடிப் பல்லு திரும்பி நிக்குது. கேட்டுத் தொலைச்சிருக்கலாம்ல என்கிட்ட." அதட்டலாகத்தான் சொன்னாள். சொல்லி முடித்த பிறகுதான் நிமிர்ந்தாள்.

"அம்மா," என்றார் மூக்கர் மரியாதையாக. "படிச்சவங்ககிட்ட இந்தப் படத்தைக் காட்டினேன். அது ஒண்ணுதான் நேரா இருக்கு, மத்ததெல்லாம் திரும்பியிருக்குன்னாங்க. உங்க ஒருத்தருக்குத்தான் அது திரும்பின மாதிரி தெரியுது."

"பல்லுக்குச் சொந்தக்காரன் உள்ளே இருந்துதானே பார்ப்பான்," என்றாள் அம்மா, பழக்கதோஷத்தில். பிறகு போனைக் கவிழ்த்து வைத்தாள்.

மருமகளின் கண் சுவரில் ஓடியது. வாசலுக்கு மேலே, அலமாரிக்குப் பக்கத்தில், படுக்கையறைக் கதவோரம் என்று எங்கே பார்த்தாலும் சட்டம் போட்ட பலகைகள். அத்தனை பல்லும் வயிறு தெரிய நின்றன. சொல்வதற்கு ஒன்று நாக்கு நுனிவரை வந்தது; விழுங்கிவிட்டாள்.

தங்கையும் சுவரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். "அப்பாவுக்குக் கை நடுங்கும்," என்றாள் யாருக்கோ சொல்வதுபோல. "அவர் தோண்டுவார், அம்மா அடுக்குவாங்க. பொறந்ததுல இருந்து இதைத்தான் பார்க்கிறேன். அண்ணன் ரூம்லயும் பார்த்தேன். நம்ம வீட்ல இருக்கிற மாதிரியே இருந்துச்சு. அதனாலதான் கண்ணுலயே படலை."

"நீ போய் டீ போடு," என்றாள் அம்மா.

"அண்ணன் அன்னிக்கு அங்கே இருந்தான்."

"டீ போடுன்னு சொன்னேன்."

"உனக்குத் தெரியும்."

அம்மா பூதக்கண்ணாடியின் துணியைப் பிரித்து மறுபடி சுற்றினாள். "மத்தியானம் வந்தான். கால் பூரா சேறு. கையில பை. உங்கப்பாதான் காலையில கூப்பிட்டாராம். உன் தங்கச்சி வரமாட்டேன்னு அடம் பிடிக்கிறா, நீயாவது வாடான்னு. மண்ணு சரிஞ்சு முழு வாயும் தெரிஞ்சுதாம். ரெண்டு பேருமாச் சேர்ந்து பொறுக்கியிருக்காங்க. சின்னப் பையன் மாதிரி சிரிச்சிட்டிருந்தாராம் உங்கப்பா."

"அப்புறம்?"

"அப்புறம் என்ன. கண்டுபிடிச்சதா யார் பேரைப் போடறதுன்னு பேச்சு வந்திருக்கு. அந்தச் சுவர்ல எப்பவோ முதல் பல்லை எடுத்தவ உன் தங்கச்சிதான், அவ பேருதான் போடணும்னாராம். என்னைக்காவது ஒருநாள் என் பேரைச் சொல்லியிருக்கீங்களான்னு இவன் கேட்டானாம். வாயும் வாயும் முத்திப்போய் இவன் பையைத் தூக்கிட்டுக் கிளம்பிட்டான். கிளம்பறப்போ அவர் விளிம்புல நின்னுட்டிருந்தார். நின்னுட்டுத்தான் இருந்தார்னு என்மேல சத்தியம் பண்ணான். போலீஸ் வந்து சொன்னப்புறம்தான் எங்களுக்கே தெரியும்."

"கூட ஒரு ஆள் இருந்திருந்தா பிழைச்சிருப்பார்னு ஊரெல்லாம் சொன்னானே அவன்."

"பயத்துல சொன்னான்."

"நீ கேட்டுட்டுச் சும்மா இருந்தே. அப்புறம் பல்லை வாங்கி உட்கார்ந்து அடுக்கியும் கொடுத்தே."

"உங்கப்பா கடைசியாத் தொட்ட பல்லு. அதைக் கண்டவன் கையில கொடுக்க மனசு வரலை. அவனுக்கு மேல் எது கீழ் எதுன்னு தெரியாது." அம்மாவின் குரல் முதன்முறையாகத் தடுமாறியது. "ஒண்ணு குறைஞ்சுது. பிளந்த பல்லுக்குப் பின்னால இன்னொண்ணு இருக்கணுமேன்னு தேடினேன். கிடைக்கலை."

"பேண்ட்டுப் பையில இருந்துச்சு. நீதான் துவைச்சே."

அம்மா கண்ணை மூடிக்கொண்டாள்.

"ராத்திரியெல்லாம் அழுவேன்," என்றாள் தங்கை. "பக்கத்து அறைதான். உனக்குக் கேட்டுச்சா?"

"கேட்டுச்சு."

"கேட்டும்..."

"அவனுக்குப் பிள்ளைங்க இருக்கு. சொல்லியிருந்தா வேலை போயிருக்கும், ஜெயிலுக்கும் போயிருப்பான். உனக்கு வருத்தம் மட்டும்தானே. வருத்தப்பட்டா யாரும் ஜெயில்ல போடறதில்ல." அம்மா நிதானமாகத்தான் சொன்னாள்; பல நாள் தனக்குள் சொல்லிப் பார்த்து வழவழப்பாக்கிய வார்த்தைகள் அவை. "ரெண்டு பேர்ல ஒருத்தர்தான் தூக்கணும்னா, நீ தூக்கிடுவேன்னு எனக்குத் தெரியும்."

மூக்கர் எழுந்தார். கேட்க வந்த கேள்விக்கு மேலேயே பதில் கிடைத்துவிட்டது. வழக்கு முடிந்த சந்தோஷம் வரவில்லை. மருமகள் அவர் முழங்கையைப் பிடித்து, போகலாம் என்பதுபோல வாசல் பக்கம் திருப்பினாள். அவருக்கும் இப்போதைக்கு அவளைத் தவிர வேறு யாருடைய முகத்தையும் பார்க்கத் தெம்பில்லை.

தங்கை நகரவில்லை. நாற்காலியை இழுத்து அம்மாவுக்கு நேர் எதிரே போட்டு, முழங்கால் முழங்காலைத் தொடும்படி உட்கார்ந்தாள். கத்துவாள் என்று எதிர்பார்த்து அம்மா தோளைக் குறுக்கினாள். அவள் கத்தவில்லை. வகுப்பில் கடைசி வரிசைப் பிள்ளையிடம் கேட்கிற குரலில், ஒவ்வொரு சொல்லாகக் கேட்டாள்:

"பையைத் தூக்கிட்டு நடந்தப்போ அப்பா பின்னாலேருந்து கூப்பிட்டாரான்னு, ஒரு தடவையாவது அவன்கிட்ட கேட்டியாம்மா?"